உளவு வேலைகளின் வரலாற்றை எங்கே தேடுவது? புதுச்சேரி 1908–1918 வைத்து ஒரு விவாதம்

கெடிலக்கரை எழுதியது:

எல்லோருக்கும் வணக்கம். உளவுத்துறை வரலாறு என்று பேச்செடுத்தாலே நம்மில் பாதிப் பேர் வாஷிங்டனுக்கும் மாஸ்கோவுக்கும் போய்விடுகிறார்கள். நான் கடலூர்க்காரன். இங்கிருந்து பஸ் ஏறினால் ஒரு மணி நேரத்தில் போய் இறங்குகிற ஊரில் பத்து வருஷம் நடந்த ஒரு பெரிய உளவு வேலையைப் பற்றித்தான் கேட்க வந்திருக்கிறேன்.

கதை எல்லோருக்கும் தெரிந்ததுதான். 1908இல் பாரதி புதுச்சேரிக்குப் போகிறார், 'இந்தியா' இதழ் அங்கிருந்து வர ஆரம்பிக்கிறது. 1910 ஏப்ரல் 4ஆம் தேதி அரவிந்தர் 'துய்ப்ளே' என்ற கப்பலில், ஜதீந்திரநாத் மித்ரா என்ற பொய்ப்பெயரில் வந்து இறங்குகிறார். அதே வருஷக் கடைசியில் வ.வே.சு. ஐயர். 1911 ஜூன் 17 மணியாச்சியில் கலெக்டர் ஆஷை வாஞ்சிநாதன் சுடுகிறார், அதற்குப் பிறகு சென்னை மாகாண சிஐடிக்குப் புதுச்சேரியை விட்டு வேறெங்கும் கண் போகவில்லை.

இதில் என்னைப் பிடித்து இழுப்பது ஒன்றுதான். புதுச்சேரி பிரெஞ்சு மண். பிரிட்டிஷ் போலீஸ் அங்கே கைது செய்ய முடியாது, வீட்டைச் சோதனை போட முடியாது, சம்மன் கொடுக்க முடியாது. ஆக அவர்கள் செய்ததெல்லாம் மறைவாகச் செய்ததுதான்: ஆள் வைத்துப் பின்தொடர்வது, வேலைக்காரர்களை வளைப்பது, கடிதத்தைப் பிரிப்பது, பொய் ஆவணம் வைப்பது. இன்னொரு அரசின் மண்ணில் இத்தனை வருஷம் இதை நடத்த எவ்வளவு செலவாகியிருக்கும்? ஆட்களுக்குச் சம்பளம், வீட்டு வாடகை, பயணப்படி, தகவல் கொடுத்தவனுக்கு இனாம். வெள்ளைக்காரன் நிர்வாகத்தில் மேலிட அனுமதி இல்லாமல் ஒரு ரூபாய் நகராது. அந்த அனுமதிக் காகிதங்களை யாராவது வரிசையாக உட்கார்ந்து பார்த்திருக்கிறீர்களா? யார் யாரை வேவு பார்த்தார்கள் என்பதை விட, யாருக்கு எந்த மாதம் எந்தத் தலைப்பில் பணம் போனது என்பதில்தான் உண்மையான வரலாறு இருக்கிறது என்று நினைக்கிறேன்.

எழும்பூர் வாசகன் எழுதியது:

நல்ல கேள்வி தம்பி. எழும்பூர் தமிழ்நாடு ஆவணக் காப்பகத்தில் பல வருஷமாக உட்கார்கிறவன் என்ற முறையில் சொல்கிறேன், புதிதாக வருகிறவர்கள் எல்லோரும் 'பாரதி' என்று அட்டவணையில் தேடிவிட்டு, நாலு காகிதம் பார்த்துவிட்டு எழுந்து போய்விடுகிறார்கள். அப்படித் தேடினால் கிடைக்காது. அங்கே ரகசிய அரசாணைகள் துறைவாரியாக இருக்கின்றன. 'அண்டர் செக்ரட்டரி சேஃப் ஃபைல்ஸ்' என்று தனியாக ஒரு வரிசை உண்டு, மேலதிகாரியின் இரும்புப் பெட்டியில் வைத்துப் பூட்டிய சமாசாரம் என்று வைத்துக்கொள்ளுங்கள். பதினைந்து நாளுக்கு ஒருமுறை மாகாண அரசு டெல்லிக்கு அனுப்பிய அறிக்கைகள், சுதேசிப் பத்திரிகைகளில் வந்ததை மொழிபெயர்த்து வைத்த அறிக்கைகள், இதெல்லாம் சேர்த்துத்தான் படம் கிடைக்கும்.

டெல்லி தேசிய ஆவணக் காப்பகத்தில் உள்துறையின் அரசியல் பிரிவுக் கோப்புகள் ஏ, பி, டெபாசிட் என்று மூன்று தரமாக இருக்கின்றன. ஏ என்றால் முக்கியம் என்று அச்சடித்தது. டெபாசிட் என்றால் அச்சடிக்க வேண்டாம், அப்படியே வை என்று ஒதுக்கியது. பொறுக்கி எடுக்க வேண்டியது இந்த டெபாசிட்டைத்தான். கோப்போடு 'கே.டபிள்யூ.' (கீப் வித், அதாவது இதோடு சேர்த்து வை) என்று இரண்டு எழுத்துப் போட்டு ஒரு கட்டு இணைத்திருப்பார்கள், அதை விட்டுவிடாதீர்கள். அரசாணையில் இருப்பது முடிவு மட்டும். கீழே இருப்பவன் ஒன்று எழுத, மேலே இருப்பவன் ஓரத்தில் மறுத்து எழுத, நிதித்துறைக்காரன் 'இந்த ஆள் இன்னும் ஆறு மாதம் தேவையா' என்கிற மாதிரிக் கேள்வி போட, அந்தச் சண்டை முழுக்க இந்தக் கட்டில்தான் கிடக்கும். நீங்கள் கேட்கிற பண விவகாரமும் அங்கேதான் வரும்.

அபிலேக் படல் என்ற இணையதளத்தில் நிறைய ஏற்றிவிட்டார்கள், வீட்டிலிருந்தே தேடலாம். ஆனால் பெயர்களைப் பல விதமாகப் போட்டுப் பாருங்கள். அரவிந்தரை அரபிந்தோ கோஷ் என்று எழுதியிருப்பார்கள், ஐயரின் பெயருக்கும் பாரதியின் பெயருக்கும் ஒவ்வொரு குமாஸ்தாவும் ஒவ்வொரு எழுத்து.

தென்பெண்ணை எழுதியது:

மன்னிக்கணும், எனக்கு இதில் நம்பிக்கை இல்லை. உளவுத்துறை தனக்கு ஆகாத காகிதத்தை வைத்திருக்குமா? வைத்திருப்பது எல்லாம் நாம் பார்க்கலாம் என்று அவர்கள் விட்டுவைத்தது. சிஐஏ மனித மூளையை வசப்படுத்துகிறேன் என்று சொல்லி ஆட்களுக்குத் தெரியாமலே மருந்து கொடுத்த எம்கே அல்ட்ரா விவகாரத்தில் 1973இல் அதன் தலைவர் ரிச்சர்ட் ஹெல்ம்ஸ் கோப்புகளை அழிக்கச் சொல்லிவிட்டார். அழித்தும் விட்டார்கள். பிறகு எதை வைத்து வரலாறு எழுதுவது?

கெடிலக்கரை எழுதியது:

தென்பெண்ணை அண்ணா, நீங்கள் எடுத்த உதாரணமே என் பக்கம்தான் பேசுகிறது. ஹெல்ம்ஸ் அழிக்கச் சொன்னது உண்மை. ஆனால் 1977இல் அமெரிக்கத் தகவல் உரிமைச் சட்டப்படி ஒருவர் விண்ணப்பித்தபோது சுமார் 20,000 பக்கங்கள் கிடைத்தன. எப்படித் தப்பின? அவை ஆராய்ச்சிக் கோப்புகளோடு இல்லாமல் வரவுசெலவுக் காகிதங்களோடு வேறு இடத்தில் கிடந்தன. அழித்தவர்களுக்கு அங்கே போய்ப் பார்க்கத் தோன்றவில்லை. எந்தப் பல்கலைக்கழகத்துக்கு, எந்த மருத்துவமனைக்கு, எந்த அறக்கட்டளைப் பெயரில் பணம் போனது என்பதெல்லாம் அந்தச் செலவுச் சீட்டுகளில் இருந்துதான் வெளிவந்தது, அதே வருஷம் ஆகஸ்டில் செனட் விசாரணையும் நடந்தது. நான் பணத்தைப் பிடி என்று சொல்வது இதனால்தான்.

இன்னொன்றும் இருக்கிறது. கென்யாவில் பிரிட்டிஷ் ஆட்சிக்கு எதிரான மாவ் மாவ் கிளர்ச்சியின்போது சித்திரவதைக்கு ஆளான கிழவர்கள் லண்டனில் வழக்குப் போட்டார்கள். அந்த வழக்கில்தான் 2011இல் ஹான்ஸ்லோப் பார்க் என்ற இடத்தில் பிரிட்டிஷ் வெளியுறவுத்துறை 37 காலனிகளின் சுமார் 8,800 கோப்புகளைப் பதுக்கி வைத்திருந்தது தெரியவந்தது. காலனியை விட்டுக் கிளம்பும்போது எதை எரிக்க வேண்டும், எதைக் கப்பலேற்ற வேண்டும் என்ற உத்தரவுகளும், எரித்ததற்கான சான்றுகளும்கூட அதில் இருந்தன. 2013இல் 5,228 பேருக்கு இழப்பீடு கொடுக்க பிரிட்டிஷ் அரசு ஒப்புக்கொண்டது. தேடினால் என்ன கிடைக்கும் என்று அந்தக் கிழவர்கள் உட்கார்ந்திருந்தால் ஒன்றும் வந்திருக்காது அண்ணா. இதை நான் கோபத்தோடுதான் சொல்கிறேன்.

வில்லியனூரான் எழுதியது:

நான் பிரெஞ்சுப் பக்கத்தைப் பற்றிச் சொல்கிறேன். இந்த இழையில் எல்லோரும் பிரிட்டிஷ்காரன் எழுதியதை மட்டுமே பேசுகிறீர்கள். ஒரு சம்பவத்துக்கு இரண்டு அரசாங்கங்கள் தனித்தனியாகக் காகிதம் எழுதியிருக்கிற ஊர் இது. இந்த மாதிரி வசதி வேறு எந்த ஊருக்கு இருக்கிறது?

உதாரணத்துக்கு, ஐயர் வீட்டுக் கிணற்று விவகாரம். அரவிந்தர் வட்டாரத்தில் சொல்லிவைத்திருப்பது இது: ஐயர் வீட்டு வேலைக்காரப் பெண் தண்ணீர் இறைக்கும்போது வாளியில் ஒரு ஜாடி சிக்குகிறது. திறந்து பார்த்தால் உள்ளே ராஜத்துரோகப் பத்திரிகைகள், காளி படம், வங்காள மொழியில் எழுதிய காகிதங்கள். பாரதியும் ஐயரும் பதறிப்போய் அரவிந்தரிடம் ஓடுகிறார்கள். அவர் யோசிக்காமல், உடனே பிரெஞ்சுப் போலீஸுக்கே சொல்லிவிடுங்கள் என்கிறார். சொல்லிவிட்டார்கள். அந்தப் பக்கம் மயூரேசன் என்ற உளவாளி, இவர்கள் எல்லோர் வீட்டிலும் சதிக்கான ஆதாரம் இருக்கிறது என்று புகார் கொடுக்கிறான். விசாரணை நீதிபதி அரவிந்தர் வீட்டுக்கு வருகிறார். மேஜையில் கிரேக்கப் புத்தகம், லத்தீன் புத்தகம். அதைப் பார்த்து நீதிபதி மரியாதையாகப் பேசிவிட்டுப் போகிறார், புகார் கொடுத்தவன் எல்லை தாண்டிப் பிரிட்டிஷ் பக்கம் ஓடிவிடுகிறான்.

ரொம்ப அழகான கதை. அதனாலேயே எச்சரிக்கையாக இருக்க வேண்டும். இது ஒரு தரப்பின் நினைவு. விசாரணை நீதிபதி வீட்டுக்கு வந்தார் என்றால் அவர் குறிப்பு எழுதியிருப்பார், போலீஸ் ஜாடியை எடுத்தது என்றால் மகஜர் போட்டிருக்கும். பிரெஞ்சு நீதித்துறையில் அது இல்லாமல் எதுவும் நடக்காது. அந்தக் காகிதத்தைத் தேடுகிறவன்தான் ஆராய்ச்சியாளன், கதையைத் திரும்பச் சொல்கிறவன் இல்லை.

எங்கே தேடுவது? பிரெஞ்சுக்காரர்கள் போகும்போது ஆட்சி சம்பந்தப்பட்ட நிறையக் காகிதங்களைக் கொண்டுபோய்விட்டார்கள், அவை தெற்குப் பிரான்ஸில் எக்ஸ் ஆன் புரோவான்ஸ் நகரக் காப்பகத்தில் இருக்கின்றன. இங்கே இருப்பவை லாஸ்பேட்டை பக்கம் ஜீவானந்தபுரத்தில் தேசிய ஆவணக் காப்பகத்தின் கிளையில். நம் பிள்ளைகள் அந்த வழியாகத் தினமும் காலேஜுக்குப் போகிறார்கள், உள்ளே ஒருவரும் எட்டிப் பார்ப்பதில்லை. அப்புறம், பிரெஞ்சு படிக்கத் தெரிந்தால் மட்டும் போதாது. அந்தக் காலத்துக் குமாஸ்தா கையெழுத்துக்குக் கண் பழக வேண்டும், அதற்குக் கொஞ்ச காலம் ஆகும்.

எழும்பூர் வாசகன் எழுதியது:

வில்லியனூரான் சொன்னதோடு ஒன்று சேர்த்துக்கொள்கிறேன். உளவு அறிக்கையைப் படிக்கும்போது அதை எழுதியவன் எதற்காக எழுதினான் என்று முதலில் கேளுங்கள். தகவல் கொண்டுவந்தால்தான் காசு. வெறுமனே 'இன்று ஒன்றும் நடக்கவில்லை, கடற்கரையில் உலாவிவிட்டு வீட்டுக்குப் போனார்' என்று மாதம் முழுக்க எழுதினால் அந்த ஆளை எதற்கு வைத்திருக்கிறோம் என்று மேலிடம் கேட்கும். ஆகவே இரண்டு பேர் திண்ணையில் பேசினால் ரகசியக் கூட்டம் ஆகிவிடும், ஊரிலிருந்து மாமா வந்தால் சந்தேக நபர் ஆகிவிடுவார். அறிக்கையில் வருகிற தேதி, வீடு, யார் வந்தார் யார் போனார், இதைப் பெரும்பாலும் நம்பலாம், ஏனென்றால் இன்னொரு உளவாளியின் அறிக்கையோடு ஒப்பிட்டுப் பார்ப்பார்கள் என்று அவனுக்கும் தெரியும். உள்ளே என்ன பேசினார்கள் என்று எழுதியிருப்பதைத்தான் சலித்துப் பார்க்க வேண்டும்.

அரவிந்தர் வீட்டிலேயே வேலைக்காரனாகத் தங்கியிருந்த பிரேன் என்ற வங்காளி, கடைசியில் தானே 'நான் சிஐடி ஆள்' என்று ஒப்புக்கொண்ட கதையும் அதே வட்டாரத்தில் உண்டு. கூட இருந்த இளைஞன் ஒருவன் யதேச்சையாகத் தன்னைப்போலவே மொட்டை போட்டுக்கொண்டதும், தன்னைக் கண்டுபிடித்துவிட்டார்கள் என்று பயந்து உளறிவிட்டானாம். வீட்டுக்குள்ளேயே இருந்தவன் அனுப்பிய அறிக்கை என்னவாக இருந்திருக்கும் என்று யோசித்துப் பாருங்கள், அது கையில் கிடைத்தால் எத்தனை விஷயம் மாறும்.

கடித விஷயமும் இருக்கிறது. புதுச்சேரியில் பிரிட்டிஷ் இந்திய அஞ்சலகமும் இருந்தது, சுதேசிகளுக்கு வந்த கடிதங்கள் பிரிக்கப்பட்டன. போலீஸ் தொல்லையைப் பற்றிப் பாரதியே இந்து நாளிதழுக்குக் கடிதங்கள் எழுதியிருக்கிறார். அந்தக் கடிதத் தேதிகளையும் அதே வாரத்துப் போலீஸ் காகிதத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வையுங்கள். நான் சொல்கிற வேலை இதுதான்.

முத்தியால்பேட்டை எழுதியது:

வெகு நாளாக வாசித்துக்கொண்டு மட்டும் இருந்தேன், இப்போது எழுதாமல் இருக்க முடியவில்லை. எங்கள் பாட்டி இருந்த தெருவில் ஒரு வீட்டைப் பற்றி, அந்த வீட்டுத் தாத்தா சர்க்காருக்குத் துப்புச் சொன்னவர் என்று தலைமுறை தலைமுறையாகப் பேசுவார்கள். சின்ன வயதில் அந்த வீட்டுப் பிள்ளைகளோடு எங்களை விளையாட விடமாட்டார்கள். அந்தப் பேரப்பிள்ளைகள் இன்னும் அதே தெருவில்தான் இருக்கிறார்கள். நீங்கள் எல்லோரும் சம்பளப் பட்டியல், இனாம் பட்டியல் என்று ஆசையாகப் பேசுகிறீர்கள். நாளைக்கு அந்தப் பட்டியல் கிடைத்து, ஸ்கேன் எடுத்து இங்கே போட்டால் என்ன ஆகும்? மாதம் சில ரூபாய்க்கு, வீட்டில் அடுப்பெரிய வேண்டும் என்று போனவன் பெயர் இணையத்தில் நிரந்தரமாக நிற்கும். அவனை அனுப்பிய அதிகாரிக்கு அந்தக் காலத்திலேயே பட்டம் கொடுத்து, பென்ஷன் கொடுத்து அனுப்பிவிட்டார்கள்.

தென்பெண்ணை எழுதியது:

அக்கா, உங்கள் வேதனை புரிகிறது. ஆனால் பெயரை மறைத்தால் வரலாறு எப்படி முழுமையாகும்? நூறு வருஷம் தாண்டிவிட்டது. காட்டிக்கொடுத்ததால் ஒருவன் ஜெயிலுக்குப் போயிருக்கிறான், அவன் குடும்பமும் நடுத்தெருவுக்கு வந்திருக்கிறது. அந்தக் குடும்பத்துக்கும் பேரப்பிள்ளைகள் உண்டு. யார் செய்தது என்று தெரிந்துகொள்ள அவர்களுக்கு உரிமை இல்லையா?

முத்தியால்பேட்டை எழுதியது:

உரிமை இருக்கிறது. அவர்கள் போய்க் கேட்டால் காப்பகம் காட்டட்டும், நான் குறுக்கே நிற்கவில்லை. நான் சொல்வது நாம் எழுதுகிற விதத்தைப் பற்றி. எழும்பூர் ஐயா இப்போதுதான் சொன்னார், காசுக்காக இட்டுக்கட்டி எழுதுவார்கள் என்று. அப்படியானால் ஒரு கணக்குப் புத்தகத்தில் பெயர் இருப்பதாலேயே அவன் காட்டிக்கொடுத்தான் என்று ஆகிவிடுமா? நடுவில் இருந்த ஏட்டு பொய்யாக ஒரு பெயரை எழுதிக் காசைத் தானே போட்டுக்கொண்டிருக்கலாம். இரண்டாவது ஆதாரம் இல்லாமல் கீழ்மட்டத்து ஆள் பெயரை எழுதக் கூடாது. உத்தரவு போட்ட அதிகாரி பெயரைத் தாராளமாக எழுதுங்கள்.

கெடிலக்கரை எழுதியது:

அக்கா சொன்னதை நான் ஏற்றுக்கொள்கிறேன், இந்த இழையிலாவது அதை விதியாக வைத்துக்கொள்வோம்.

சரி, கடலூர் பக்கத்தையும் கொஞ்சம் பேச வேண்டும். அப்போதைய தென்னார்க்காடு மாவட்டத்துக்குத் தலைநகரம் இதுதான். அதாவது புதுச்சேரியைச் சுற்றிப் பக்கத்து வீட்டுக்காரனாக இருந்த பிரிட்டிஷ் கலெக்டர் மஞ்சக்குப்பத்தில் உட்கார்ந்திருந்தார். பாரதி 1918 நவம்பர் 20 அன்று புதுச்சேரியை விட்டுக் கிளம்பி எல்லையைத் தாண்டியதும் பிடித்தார்கள், கடலூர் சிறையில் வைத்தார்கள், டிசம்பர் 14 அன்று நிபந்தனைகளோடு விட்டார்கள். பிடித்தது எந்தச் சட்டத்தில் என்றால் யுத்தம் தொடங்கிய 1914இல் வெளியிலிருந்து இந்தியாவுக்குள் நுழைகிறவர்களைத் தடுக்கக் கொண்டுவந்த அவசரச் சட்டம். விடுதலைக்கு முந்தைய அந்த மூன்று வாரச் சொச்சத்தில் கடலூருக்கும் சென்னைக்கும் இடையே எத்தனை தந்தி போயிருக்கும், யார் யார் கருத்துச் சொல்லியிருப்பார்கள், எழுதுவதைப் போலீஸுக்குக் காட்டிவிட்டுத்தான் வெளியிட வேண்டும் என்ற நிபந்தனை யார் மூளையில் உதித்தது? கவிதை எழுதுகிறவனுக்கு அப்படி ஒரு நிபந்தனை போட்டிருக்கிறார்கள். அதை நினைக்கும்போதெல்லாம் எனக்கு வயிறு எரிகிறது. நம் ஊரில் வருஷா வருஷம் சிலைக்கு மாலை போடுகிறோம், அந்தக் கோப்பை முழுசாக அச்சில் கொண்டுவர யாரும் முன்வந்ததாக எனக்குத் தெரியவில்லை.

உப்பளம் எழுதியது:

சட்டம் பற்றி ஒரு தகவல். 1993 பொது ஆவணச் சட்டம் மத்திய அரசுக்கும் யூனியன் பிரதேசங்களுக்கும் பொருந்தும். ஆக புதுச்சேரி அதில் வருகிறது, கடலூர் வராது, தமிழ்நாடு மாநிலம் என்பதால். அந்தச் சட்டப்படி 1892க்கு முந்தைய காகிதத்தை, ஆவணமாகப் பயன்படுத்தவே முடியாத அளவுக்குச் சிதைந்தால் ஒழிய, அழிக்கக் கூடாது. பிந்தைய காகிதங்களையும் முறைப்படி ஆய்வு செய்து பதிவு செய்யாமல் அழிக்கக் கூடாது. நான் ஒரு அலுவலகத்தில் ஆர்டிஐ (நம் தகவல் உரிமைச் சட்ட மனு) போட்டுப் பழைய போலீஸ் பதிவேடுகளைக் கேட்டேன், 'அப்படி எதுவும் இங்கே இல்லை' என்று ஒரு வரியில் பதில். அப்புறம் கேள்வியை மாற்றினேன்: இல்லை என்றால் எப்போது, யார் உத்தரவில் அழித்தீர்கள், அதற்கான பட்டியலைக் கொடுங்கள் என்று. அதற்குப் பிறகுதான் ஒரு அறையைத் திறந்து பார்த்தார்கள், கொஞ்சம் கிடைத்தது.

உளவுத்துறை என்றால் ஆர்டிஐ சட்டத்தின் 24ஆவது பிரிவு விலக்கு கொடுக்கிறது, உள்நாட்டு உளவுத்துறையான ஐபியும் வெளிநாட்டு உளவுத்துறையான ராவும் அதில் வருகின்றன, ஊழல், மனித உரிமை மீறல் புகார் தவிர. ஆனால் அவர்கள் ஏற்கெனவே ஆவணக் காப்பகத்துக்கு அனுப்பியதற்கு அந்தக் கவசம் இல்லை. நேதாஜி குடும்பத்தின் கடிதங்களை 1948 முதல் 1968 வரை, அதாவது சுதந்திரத்துக்குப் பிறகு இருபது வருஷம், ஐபி பிரித்துப் படித்தது 2015இல் வெளியே வந்ததும் ரகசியத் தடை நீக்கிய கோப்புகள் வழியாகத்தான். வெள்ளைக்காரன் ஆரம்பித்துவைத்த கண்காணிப்பை நம்மாட்கள் நிறுத்தவில்லை.

இன்னொரு வழி நாடாளுமன்ற விவாதப் பதிவுகள். 1965இல் சிஐஏவும் நம் உளவுத்துறையும் சேர்ந்து சீனாவை வேவு பார்க்க நந்தாதேவி மலைமேல் புளூட்டோனியத்தில் ஓடும் கருவியை ஏற்றப் போய், பாதியில் விட்டுவிட்டு இறங்கி, மறு வருஷம் போனால் அது காணாமல் போயிருந்தது. 1978 ஏப்ரலில் பிரதமர் மொரார்ஜி தேசாய் மக்களவையில் எழுந்து அதை ஒப்புக்கொண்டார். அந்தப் பேச்சு அச்சில் இருக்கிறது, யாரிடமும் கெஞ்ச வேண்டியதில்லை.

வில்லியனூரான் எழுதியது:

உப்பளம் சொன்னதை வைத்துப் பார்த்தால் புதுச்சேரி இந்தியாவோடு இணைவதற்கு முந்தைய 1947 முதல் 1954 வரையான காலத்தையும் யாராவது எடுக்க வேண்டும். சுங்க வேலி, பொருளாதார முற்றுகை, 1954 மார்ச் கடைசியில் நெட்டப்பாக்கம் இணைப்புக்காரர்கள் கைக்கு வந்தது, அக்டோபர் 18 கீழூரில் 178 மக்கள் பிரதிநிதிகளில் 170 பேர் இணைப்புக்கு ஓட்டுப் போட்டது வரை எல்லாம் பாடப்புத்தகத்தில் இருக்கிறது. அதற்குப் பின்னால் இந்தியத் தூதரகம் யார் யாரோடு பேசியது, யாருக்கு என்ன உறுதி கொடுத்தது என்பது வெளியுறவுத்துறைக் கோப்புகளில் இருக்கிறது. அந்தக் காலத்தைக் கண்ணால் பார்த்தவர்கள் இன்னும் சிலர் உயிரோடு இருக்கிறார்கள், எண்பதைத் தாண்டியவர்கள். காகிதம் காத்திருக்கும், அவர்கள் காத்திருக்க மாட்டார்கள். போனில் பதிவு செய்தாலே போதும், ஆனால் தேதியும் இடமும் கேட்டுக் குறித்துக்கொள்ளுங்கள்.

கெடிலக்கரை எழுதியது:

அப்படியானால் வேலையைப் பிரித்துக்கொள்வோம். எழும்பூர் ஐயா 1911 ஜூன் முதல் 1912 கடைசி வரை ரகசிய அரசாணை அட்டவணையில் போலீஸ் செலவு, தற்காலிகப் பணியிட நீட்டிப்பு என்று வருகிற பதிவுகளை மட்டும் குறித்துக் கொடுத்தால் நான் வந்து கோப்புகளை எடுக்கிறேன். ஜீவானந்தபுரத்தில் நீதித்துறைக் காகிதங்களுக்கு வில்லியனூரான் பொறுப்பு, கிணற்று விவகாரம் முதலில். உப்பளம் அந்த இரண்டாவது மனுவின் வாசகத்தை இங்கே அப்படியே போட்டுவிடுங்கள், நான் கடலூரில் ஒன்று போட்டுப் பார்க்கிறேன். முத்தியால்பேட்டை அக்கா, பெயர்கள் வருகிற எதையும் இங்கே ஏற்றுவதற்கு முன்னால் உங்களுக்கு அனுப்புகிறேன், நீங்கள் பார்த்துச் சரி என்ற பிறகு போடலாம். தென்பெண்ணை அண்ணா, நீங்களும் வாருங்கள், சந்தேகப்படுகிற ஒருவர் பக்கத்தில் இருந்து ஒவ்வொரு காகிதத்தையும் கேள்வி கேட்டால் நல்லது. ஞாயிறு ரொமேன் ரோலன் நூலகத்துக்கு வரமுடிகிறவர்கள் கீழே சொல்லுங்கள்.

தென்பெண்ணை எழுதியது:

ஞாயிறு எனக்கு வேலை, சனிக்கிழமை என்றால் வருகிறேன். வரும்போது அந்த 1914 அவசரச் சட்டத்தின் முழு வாசகத்தை யாராவது அச்செடுத்து வாருங்கள். எந்த வரியை வைத்துப் பாரதியைப் பிடித்தார்கள் என்று முதலில் அதைப் படித்துவிட்டுத்தான் மற்றதைப் பேச வேண்டும்.